கோட்டைக்குள்ளும் கேமரா வேண்டும்

காட்டுமன்னார்கோயில் வாக்காளருக்குப் பிரதிநிதிகள் இருவர்: சிதம்பரம் எம்.பி., காட்டுமன்னார்கோயில் எம்.எல்.ஏ. மக்களவையில் எம்.பி. எழுந்து பேசினால் சன்சத் டிவியில் வீட்டிலிருந்தே பார்க்கலாம். சட்டப்பேரவை கூடும் கோட்டையில் எம்.எல்.ஏ. பேசுவதை அப்படி முழுதாகப் பார்க்க வழியில்லை. இந்தக் குறை நீங்கியாக வேண்டும்.

2024-இல் சிதம்பரத்தில் மீண்டும் வென்ற விடுதலைச் சிறுத்தைகள் கட்சித் தலைவர் தொல். திருமாவளவனையே எடுத்துக்கொள்வோம். தடயவியல் துறையில் அரசு வேலை பார்த்தவர். 1999-இல் அதை உதறிவிட்டு இதே தொகுதியில் நின்று தோற்றார். 2001-இல் கடலூர் மாவட்டத்தின் மங்களூர் தொகுதியில் எம்.எல்.ஏ. ஆனார், 2004-இல் அப்பதவியைத் துறந்தார். 2009-இல் எம்.பி., 2014-இல் தோல்வி, 2019-இல் வெறும் 3,219 வாக்கு வித்தியாசத்தில் வெற்றி. இத்தனை அனுபவம் உள்ளவரிடம் தொலைக்காட்சிகள் ஓயாமல் கேட்பது கூட்டணியில் நீடிப்பீர்களா, எத்தனை சீட் என்பதைத்தான். தொகுதிக்காக அவர் அவையில் என்ன பேசினார் என்பது விவாத மேடைக்கு வருவதே அபூர்வம். ஆனாலும் அந்தப் பேச்சைத் தேடிப் பார்க்க சன்சத் டிவி இருக்கிறது. எம்.எல்.ஏ.க்களின் எல்லாப் பேச்சுக்கும் அந்த வசதி இல்லை.

2023 ஜூலையில் புவனகிரி வட்டம் வளையமாதேவியில், என்எல்சி கால்வாய்ப் பணிக்காகப் பச்சை நெல்வயலுக்குள் மண்வெட்டும் இயந்திரங்கள் இறங்கின. பயிர் புரட்டப்பட்டதைத் தமிழகமே திரையில் பார்த்துப் பதறியது. சில நாட்களில் கேமராக்கள் கிளம்பிவிட்டன. நிலம், இழப்பீடு, வேலை என்று அந்த வயலுக்குரிய விவசாயியின் வாழ்க்கையைத் தீர்மானிக்கும் துறைகள் சட்டப்பேரவையின் மானியக் கோரிக்கை விவாதத்தில்தான் பதில் சொல்கின்றன. அந்த விவாதத்தில் தன் உறுப்பினர் வாய் திறந்தாரா, அமைச்சர் என்ன உறுதி கொடுத்தார் என்பதை அந்த விவசாயி நேரலையில் பார்த்துத் தெரிந்துகொள்ள வேண்டாமா?

நாடாளுமன்றத்துக்குள் தொலைக்காட்சி நுழைந்தது 1989-இல். மக்களவையின் சொந்த அலைவரிசை 2006-இல் வந்தது. கேரளம் 2020-இல் சபா டிவி தொடங்கியது. தமிழகத்திலோ, 2021 தேர்தலில் திமுக அளித்த நேரலை வாக்குறுதி, 2022 ஜனவரியில் கேள்வி நேர ஒளிபரப்போடு தொடங்கியது; முழு நடவடிக்கைக்கும் அது விரியவில்லை.

அவைக்குறிப்பிலிருந்து நீக்க வேண்டிய சொற்கள் வெளியே போய்விடும் என்பது வழக்கமான மறுப்பு. அதே சிக்கல் நாடாளுமன்றத்துக்கும் உண்டு. அதற்காக அங்கே ஒளிபரப்பை நிறுத்திவிடவில்லை. தேவைப்பட்டால் சில நிமிடத் தாமதத்தோடு ஒளிபரப்பலாம். கேமராவைக் கண்டால் சிலர் கூச்சல் போடுவார்கள் என்பதும் உண்மைதான். யார் கூச்சல் போடுகிறார், யார் கோப்போடு வந்து பேசுகிறார் என்று மக்களே பார்க்கட்டும்.

ஆட்சியில் எந்தக் கட்சி இருந்தாலும், அடுத்த கூட்டத்தொடரிலிருந்தே முழு நடவடிக்கையையும் நேரலையாக்கப் பேரவைத் தலைவர் உத்தரவிட வேண்டும். பேச்சுகளைத் தொகுதிவாரியாக இணையத்தில் சேமித்தும் வைக்க வேண்டும்.