பேசாதவனும் வேண்டும்!

"வாய் இருந்தால்தான் பிழைக்க முடியும்" என்கிறார்கள். போன மாதம் ஒரு கேம்பஸ் இன்டர்வியூவில் இதை நான் நேரிலேயே அனுபவித்தேன். குரூப் டிஸ்கஷன் முடிந்ததும் வந்திருந்தவர், "தம்பி, நீங்களும் இங்கதான் இருந்தீங்களா?" என்று கேட்டார். எல்லோரும் சிரித்தார்கள். எங்கள் வீட்டில் படிக்க வந்த முதல் ஆள் நான். அப்பாவிடம் என்ன சொல்வது என்று தெரியாமல் அன்று ராத்திரி முழுக்க விழித்திருந்தேன். அப்போது நினைவுக்கு வந்தவர்தான் ஜான் டீக்கன்.

யார் அவர் என்கிறீர்களா? இங்கிலாந்தின் 'குயின்' ராக் குழுவில் பேஸ் கிட்டார் வாசித்தவர். அந்தக் குழுவில் பாடிய ஃபிரெடி மெர்க்குரியை உலகமே அறியும். பின்னால் டிரம்ஸ் பக்கத்தில் நின்ற டீக்கனை எத்தனை பேருக்குத் தெரியும்? குயின் ஆல்பம் எதிலும் அவர் முன்குரலில் பாடியதில்லை.

பேஸ் கிட்டாருக்கு வழக்கமாக நாலே தந்திதான். தடித்த தந்தியின் அதிர்வு சுமார் 41 ஹெர்ட்ஸ். செல்போனின் சின்ன ஸ்பீக்கரில் அந்த அடி ஒலி எழும்பாது. அதில் மட்டும் பாட்டுக் கேட்கிறவன் "இந்த ஆள் எதற்கு?" என்றுதான் கேட்பான். பெரிய பெட்டியில் போட்டுக் கேட்டால்தான் பாட்டு எதன் மேல் நிற்கிறது என்று புரியும்.

டீக்கன் 1951ல் லெஸ்டரில் பிறந்தார். பதினோரு வயதில் அப்பாவை இழந்தார். காலையில் வீடு வீடாகப் பேப்பர் போட்ட காசில் கிட்டார் வாங்கினார். லண்டன் செல்சி கல்லூரியில் எலெக்ட்ரானிக்ஸ் படித்து 1971ல் முதல் வகுப்பில் தேறினார். அதே வருடம்தான் குயினில் சேர்ந்தார். அவருக்கு முன் சிலரை வைத்துப் பார்த்து ஒத்துவராமல் போயிருந்தது. இந்த அமைதியான பையன் நிலைத்துவிட்டான்!

நம் டிபார்ட்மெண்ட் நண்பர்களுக்காக ஒன்று சொல்லியே ஆகவேண்டும். 1970களின் தொடக்கத்தில், லண்டன் தெருவில் குப்பையோடு கிடந்த ஒரு சர்க்யூட் போர்டை டீக்கன் எடுத்து வந்தார். ஜெர்மேனியம் டிரான்சிஸ்டர் போர்டு அது. அதை ஒரு சின்ன ஸ்பீக்கர் பெட்டிக்குள் பொருத்தி, 9 வோல்ட் பேட்டரியில் ஓடவிட்டார். வால்யூம் கன்ட்ரோல்கூடக் கிடையாது. குழுவின் கிட்டாரிஸ்ட் பிரையன் மே அதில் தன் கிட்டாரை இணைத்தபோது டிரம்பெட், கிளாரினெட் மாதிரியெல்லாம் ஒலி வந்தது! 1975ல் வந்த 'குட் கம்பெனி' பாட்டில் கேட்கும் ஜாஸ் வாத்தியங்கள் எல்லாம் இந்தக் குப்பைப் பெட்டி செய்த வேலைதான். 'டீக்கி ஆம்ப்' என்று அதற்கு அவர் பெயரையே வைத்துவிட்டார்கள்.

1980ல் அமெரிக்காவில் முதலிடம் பிடித்த 'அனதர் ஒன் பைட்ஸ் தி டஸ்ட்' அவர் எழுதியது. பாட்டைத் தூக்கி நிறுத்துவதே பேஸ்தான். 1984ன் 'ஐ வாண்ட் டு பிரேக் ஃப்ரீ'யும் அவருடையதே. பேசவில்லையே தவிர, சொல்ல வேண்டியதைச் சொல்லிவிட்டார் மனிதர்.

1991ல் ஃபிரெடி மறைந்தார். 1997க்குப் பிறகு டீக்கன் மேடையை விட்டே ஒதுங்கிவிட்டார். 2001ல் ராக் அண்ட் ரோல் ஹால் ஆஃப் ஃபேமில் குயினைச் சேர்த்த விழாவுக்குக்கூடப் போகவில்லை. மற்ற இருவரும் குயின் பெயரில் தொடர்ந்து வாசித்தார்கள். "இவரும் வந்திருக்கலாமே" என்று ரசிகர்கள் இன்றும் குறைப்படுகிறார்கள். எனக்கு அது சரியென்று படவில்லை. நண்பன் இல்லாத மேடை வேண்டாம் என்று இருப்பது அவரவர் உரிமை.

"முன்னால் நின்று பாட ஃபிரெடி இருந்ததால்தானே பின்னால் நின்றவர் பிழைத்தார்?" என்று நீங்கள் கேட்கலாம். உண்மைதான். ஆனால் ஃபிரெடிக்கும் காலூன்ற ஒரு தரை வேண்டியிருந்ததே! சும்மா மௌனமாக இருப்பது பெருமை என்று நான் சொல்ல வரவில்லை. கையில் வேலை இருக்கவேண்டும். அந்த வேலையைப் பார்க்கத் தேர்வு செய்கிறவர்களுக்குக் கண்ணும் வேண்டும். பத்து நிமிடப் பேச்சை மட்டும் வைத்து ஆளை எடைபோடுவது, செல்போனில் பேஸ் கேட்கிற மாதிரி. குரூப் டிஸ்கஷன் இருக்கட்டும், பக்கத்தில் ஒரு சால்டரிங் அயர்னையும் வையுங்கள் என்பதே என் கோரிக்கை.

தம்பிகளே, தங்கைகளே! அடுத்த இன்டர்வியூவுக்கு நான் செய்த ஆம்ப்ளிஃபையரைத் தூக்கிக்கொண்டு போகப்போகிறேன். "உங்களைப் பற்றிச் சொல்லுங்கள்" என்று கேட்டால், முதலில் சுவிட்சைப் போடுவேன்.

– மூன்றாம் ஆண்டு இ.சி.இ. மாணவன்