கடிக்காத எறும்புக்கு இத்தனை விஷமா?

அமெரிக்காவின் தென்கோடியில் புளோரிடா என்று ஒரு மாநிலம் உண்டு. நல்ல வெயில், நல்ல மழை. மாமரம் காய்க்கும், தென்னையும் வளரும். குளிர் தாங்காத வடக்கத்திப் பணக்காரர்கள் குளிர்காலத்தைக் கழிக்க ஓடி வரும் இடம் அது.

முதலைக்கும் புயலுக்கும் பழகிப்போன அந்த ஊர்க்காரர்களை ஓர் எறும்பு படாதபாடு படுத்துகிறது!

எள்ளளவு எறும்புதான். நீளம் 3 மில்லிமீட்டர் இருந்தால் அதிகம். உடம்பெல்லாம் கறுப்பு. காலின் நுனி மட்டும் வெளுத்திருக்கும். சுண்ணாம்பை மிதித்துவிட்டு வந்த மாதிரி இருக்கும். அதனால் இதற்கு "வெள்ளைப் பாத எறும்பு" என்று பெயர்.

இந்த எறும்பு கடிப்பதில்லை. கொட்டுவதும் இல்லை. கரையானைப் போலக் கட்டையை அரிப்பதும் இல்லை. அப்படியானால் என்ன தொல்லை என்கிறீர்களா? கூட்டம்தான் தொல்லை. ஒரே குடும்பத்தில் சில ஆயிரம் இருக்கலாம். 30 லட்சம் வரை போகலாம் என்றும் ஆராய்ச்சிக்காரர்கள் சொல்கிறார்கள். சமையல் அறை, குளியல் அறை, கூரைக்கு அடி, சுவர் இடுக்கு, ஒன்றும் பாக்கி இல்லை. மின்சாரக் கம்பியின் மேலும் குழாயின் ஓரத்திலும் நூல் பிடித்த மாதிரி வரிசையாகப் போகும்.

இதைப் பார்த்ததும் அந்த ஊர்க்காரர்கள் என்ன செய்கிறார்கள்? மருந்து அடிக்கும் ஆளைக் கூப்பிடுகிறார்கள். அவர் வந்து அடித்துவிட்டுப் பணத்தை வாங்கிக்கொண்டு போகிறார். சில நாளில் எறும்பு மறுபடியும் வருகிறது. மறுபடியும் ஆள், மறுபடியும் பணம், மறுபடியும் வீட்டுக்குள் விஷம்.

இது வீண் வேலை என்பது என் கட்சி. ஏன் என்று சொல்கிறேன். இந்த எறும்பின் குடும்ப விவகாரம் தெரிந்தால் நீங்களும் ஒப்புக்கொள்வீர்கள்.

விநோதக் குடும்பம்

பல எறும்புகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. வெளியே போன எறும்பு வயிறு நிறையத் தின்றுவிட்டு வரும். வீட்டில் இருக்கும் எறும்பின் வாயில் அதைக் கக்கி ஊட்டும். அது இன்னொன்றுக்கு ஊட்டும். அதனால் ஓர் எறும்பு விஷத்தைத் தின்றால் போதும், வாய்க்கு வாய் மாறி அது ராணி வரைக்கும் போய்விடும்.

வெள்ளைப் பாத எறும்பு அப்படிச் செய்வதில்லை. வேலைக்கார எறும்பு தின்றதை முட்டையாக இடுகிறது! அந்த முட்டை பொரிக்காது. அது சாப்பாட்டு முட்டை. குஞ்சுகளும் மற்றவைகளும் அதைத் தின்று வளருகின்றன. ஆகவே வெளியே தின்ற விஷம் வீட்டுக்குள் போய்ச் சேருவது குறைவு. தின்ற எறும்பு சாகும். குடும்பம் பிழைத்துக்கொள்ளும்.

சரி, ராணியைக் கொன்றுவிட்டால்? அதற்கும் இந்த எறும்பு வழி வைத்திருக்கிறது. ஜப்பானில் ஒகினாவா தீவில் இந்த எறும்புக்கு நெருங்கிய சொந்தமான ஓர் எறும்பை ஆராய்ந்து, 1991-ம் ஆண்டில் முடிவை வெளியிட்டார்கள். குடும்பத்தைத் தொடங்குவது இறக்கை உள்ள ராணி. அவள் போன பிறகு, இறக்கை இல்லாத பெண் எறும்புகள் அவள் வேலையை எடுத்துக்கொள்ளுகின்றன. இறக்கை இல்லாத ஆண் எறும்புகளோடு கூட்டுக்குள்ளேயே கூடி முட்டை இடுகின்றன. குடும்பத்தில் ஏறக்குறைய பாதி இப்படிப்பட்ட சின்ன ராணிகள்! எத்தனை ராணியைத் தேடிப் பிடித்துக் கொல்லுவது?

இப்பொழுது சொல்லுங்கள். சுவரில் ஊர்ந்து போகும் ஆயிரம் எறும்பின் மேல் மருந்து அடித்து என்ன பலன்?

"காப்பியில் எறும்பு மிதந்தால் சும்மா இருக்க முடியுமா?" என்று கேட்பீர்கள். நியாயமான கேள்விதான். சும்மா இருக்கச் சொல்லவில்லை. ஆனால் காப்பியில் விழுந்த எறும்பைக் கரண்டியால் எடுத்து எறியலாம். குழந்தை தவழும் தரையில் அடித்த மருந்தை எடுத்து எறிய முடியாது. இதில் எது பெரிய தொல்லை என்று பெற்றவர்கள்தான் தீர்மானிக்க வேண்டும்.

மரத்தில் இருக்கிறது காரணம்

இந்த எறும்புக்கு உயிர் இனிப்பில் இருக்கிறது. பூவின் தேனைக் குடிக்கும். அதைவிட, மாவுப்பூச்சியும் அசுவினியும் செடியின் சாற்றை உறிஞ்சிவிட்டு விடுகின்ற இனிப்புக் கழிவு என்றால் இதற்கு நிரம்பப் பிடிக்கும். பூச்சிக்கு எறும்பு காவல். எறும்புக்குப் பூச்சி கறவை மாடு! இந்த எறும்புக்கு நெருங்கிய சொந்தம் ஒன்று இந்தியாவிலும் இலங்கையிலும் இருக்கிறது. இலங்கையின் அன்னாசித் தோட்டங்களில் மாவுப்பூச்சியோடு அது சேர்ந்து வாழுவதைப் பார்த்திருக்கிறார்கள்.

ஆகவே வீட்டில் எறும்பு என்றால், முதலில் வெளியே போய் மரத்தைப் பாருங்கள். கூரையையோ சுவரையோ தொடுகிற கிளை இருந்தால் வெட்டுங்கள். அதுதான் எறும்புக்குப் பாலம். செடியில் மாவுப்பூச்சி இருந்தால் அதை ஒழியுங்கள். குழாய் உள்ளே வருகிற ஓட்டையை அடையுங்கள். நம் பாட்டிமார் அலமாரிக் காலுக்குத் தண்ணீர்க் கிண்ணம் வைத்தார்களே, அதற்குச் சமமாக எந்த மருந்தையும் நான் சொல்லமாட்டேன்.

அப்படியும் அடங்காவிட்டால் சர்க்கரைத் தண்ணீரில் போரிக் பவுடரைக் கொஞ்சமாகக் கலந்து, எறும்பு போகிற வழியில், வீட்டுக்கு வெளியே வைக்கலாம். அதிகம் போட்டால் எறும்பு தொடாது. அதன் பக்கத்தில் வேறு மருந்து அடித்தாலும் வராது. பல நாள் விடாமல் வைக்கவேண்டும். குழந்தைகளின் கைக்கும் நாயின் வாய்க்கும் எட்டக்கூடாது. பொறுமை உள்ளவர்களுக்கு எறும்பு குறையும். அடியோடு ஒழியும் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள்.

யார் கொண்டுவந்தது?

புளோரிடாவில் ஹோம்ஸ்டெட் என்ற ஊரில் 1986-ம் ஆண்டில் இந்த எறும்பைக் கண்டார்கள். செடிப் பண்ணைகள் நிறைந்த பக்கம் அது. மடகாஸ்கர் தீவுதான் இதன் சொந்த ஊர் என்று கருதுகிறார்கள். 1892-ம் ஆண்டில் போரல் என்ற விஞ்ஞானி இதற்கு லத்தீனில் "கஷ்டமானது" என்று பொருள்படும் பெயரை வைத்தார். பொருத்தமான பெயர்! புளோரிடா எறும்பு இதுதான் என்று தெரிந்துகொள்ளவே 2007-ம் ஆண்டு ஆகிவிட்டது. அதுவரை வேறோர் இனம் என்று நினைத்துக்கொண்டிருந்தார்கள்.

இந்தச் சின்ன எறும்பு தானாக நடந்து எத்தனை தூரம் போகும்? ஊருக்கு ஊர் இதைக் கொண்டுபோவது மனிதன்தான். தொட்டிச் செடியோடு வண்டி ஏறிப் போகிறது. இலைக் காம்பின் அடியில் ஒரு சின்னக் கூட்டம் ஒளிந்திருந்தால் போதும். ராணி கூட வேண்டியதில்லை.

செடி விற்றவர் காசை வாங்கிக்கொண்டு போய்விடுகிறார். வாங்கியவர் வருஷக்கணக்காக மருந்துக்காரருக்குக் காசு கொடுக்கிறார். இது என்ன நியாயம்? செடியைப் பார்த்துச் சுத்தம் செய்து விற்கும் பொறுப்பு விற்கிறவரைச் சேர்ந்தது என்று சட்டம் கண்டிப்பாகச் சொல்லவேண்டும். எறும்போடு விற்ற செடிக்கு அவரே நஷ்டம் கொடுக்கட்டும். அப்புறம் பாருங்கள், பண்ணையில் எறும்பு எத்தனை நாள் இருக்கிறது என்று!

அந்தச் சட்டம் வருகிற வரைக்கும் வாங்குகிறவர்தான் கவனிக்கவேண்டும். தொட்டியைத் தூக்கி அடியில் பாருங்கள். காம்பை விலக்கிப் பாருங்கள். தொட்டியை ஒரு வாளித் தண்ணீரில் விளிம்புவரை சிறிது நேரம் அமிழ்த்தி வையுங்கள். மண்ணில் எறும்பு இருந்தால், குஞ்சைத் தூக்கிக்கொண்டு மேலே ஏறிவரும். வந்தால், காசைக் கொடுக்காமல் தொட்டியைக் கடைக்காரரிடமே வைத்துவிட்டு வாருங்கள்.