பிள்ளையைப் பார்க்க எத்தனை வாய்தா?

கணவனும் மனைவியும் பிரிந்து வழக்காடும்போது, குழந்தை யாரிடம் வளர வேண்டும் என்பதை நீதிபதி முடிவு செய்கிறார் என்றே நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். குடும்ப நல நீதிமன்றங்களின் நடைமுறையைக் கவனித்தால், பல வழக்குகளில் அதை முடிவு செய்வது காலதாமதம்தான் என்பது புரியும்.

மனு தாக்கலாகிறது. எதிர்த்தரப்புக்குச் சம்மன் போய்ச் சேர்வதில்லை. சேர்ந்தாலும் பதில் மனுவுக்கு அவகாசம் கேட்கப்படுகிறது. அடுத்து கவுன்சலிங், ஒருவர் வராவிட்டால் மறு தேதி. இதற்குள் கோடை விடுமுறையும் வந்துவிடுகிறது. நீதிமன்றக் கணக்கில் இவை நான்கைந்து வாய்தாக்கள். மூன்று வயதுப் பிள்ளைக்கு அதுவே பெற்றவரின் முகம் மறந்துபோகப் போதுமான காலம். வழக்கு ஒருவழியாக விசாரணைக்கு வரும்போது, ‘இருக்கும் இடத்திலேயே குழந்தை பழகிவிட்டது, அதைக் கலைக்க வேண்டாம்’ என்ற வாதம் எடுபடுகிறது. பிள்ளையை முதலில் தூக்கிக்கொண்டு போனவர், தீர்ப்புக்கு முன்பே பாதி வென்றுவிடுகிறார்.

சட்டம் அவசரத்தை அறியாததல்ல. இந்து திருமணச் சட்டத்தின் 26-ஆவது பிரிவில் 2001-ஆம் ஆண்டு ஒரு திருத்தம் செய்யப்பட்டது. வழக்கு நிலுவையில் இருக்கும்போது குழந்தையின் பராமரிப்புச் செலவு, கல்வி ஆகியவை குறித்த மனுவை, எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் கிடைத்த நாளிலிருந்து இயன்றவரை 60 நாள்களுக்குள் முடிக்க வேண்டும் என்கிறது அது. சிறப்புத் திருமணச் சட்டத்திலும் இதே கெடு உண்டு. ஆனால், குழந்தையைப் பார்க்க அனுமதி கேட்கும் மனுவுக்கு அப்படியொரு கெடு இல்லை. சோற்றுக்கும் பள்ளிக் கட்டணத்துக்கும் நாள் குறித்த சட்டம், பெற்றவரைப் பார்ப்பதற்கு நாள் குறிக்க மறந்துவிட்டது. அந்த 60 நாள் கெடு குழந்தையைச் சந்திக்கும் உரிமைக்கும் பொருந்த வேண்டும் என்பதே நம் நிலைப்பாடு.

கொள்கையில் குழப்பம் ஏதுமில்லை. குழந்தையின் நலனே முதன்மையானது என்கிறது 1956-ஆம் ஆண்டின் இந்து இளவர், காப்பாளர் சட்டம். பிள்ளைகள் பெற்றோரின் உடைமைப் பொருள்களோ விளையாட்டுப் பொம்மைகளோ அல்லர் என்று உச்ச நீதிமன்றம் 1973-இலேயே சொல்லிவிட்டது. தாய், தந்தை இருவரின் அன்பும் குழந்தைக்கு உரிமையானது என்று 2020-இல் வலியுறுத்திய அதே நீதிமன்றம், நேரில் வர இயலாத தொலைவில் இருப்பவர் தொலைபேசியிலோ வீடியோ அழைப்பிலோ பேச வழிசெய்ய வேண்டும் என்றும் கூறியது. ஆக, சந்திப்பு என்பது தகப்பனுக்கோ தாய்க்கோ நீதிமன்றம் காட்டும் சலுகை அல்ல; அது குழந்தைக்குச் சேர வேண்டியது.

எங்கே, எப்படிச் சந்திப்பது என்பதையும் குழந்தையின் பக்கமிருந்தே பார்க்க வேண்டும். 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்த்துவைத்த தமிழ்நாட்டு வழக்கு ஒன்று இதற்கு நல்ல பாடம். ஞாயிறுதோறும் தகப்பன் பார்ப்பதற்காக, இரண்டரை வயதுக் குழந்தை மதுரையிலிருந்து கரூருக்குப் போய்வர வேண்டியிருந்தது. ஒரே நாளில் ஏறக்குறைய 300 கிலோமீட்டர் பயணம். பெற்றவரின் பார்க்கும் உரிமை குழந்தையின் உடல்நலத்தைப் பலி கொடுத்துப் பெறுவதாக இருக்கக் கூடாது என்று சொல்லி, சந்திப்பை மதுரைக்கே மாற்றியது நீதிமன்றம். பூங்காவிலோ கோயில் வளாகத்திலோ பார்க்கலாம் என்றும் அனுமதித்தது.

பூங்கா என்று நீதிமன்றம் சொன்னது சாதாரண விஷயமல்ல. நீதிமன்ற வளாகத்துக்குள்ளேயே நடக்கும் சந்திப்புகளை அறிந்தவர்களுக்கு அதன் அருமை தெரியும். டிபன் பாக்ஸும் புது பொம்மையுமாக ஒருவர் காத்திருப்பார். குழந்தையை அழைத்துவந்த தாத்தாவோ பாட்டியோ நான்கடி தள்ளி நின்று ஒவ்வொரு சொல்லையும் கவனிப்பார்கள். வெளியே கறுப்பு கோட்டுகளும் காவலர்களும் கூச்சலுமாக இருக்கும். பிள்ளை கூச்சம் தெளிந்து மடியில் வந்து உட்காரும்போது நேரம் முடிந்துவிடும். இப்படியொரு இடத்தில் பாசம் வளராது.

எதிர்வாதங்கள் உண்டு. அடி உதைக்குப் பயந்து பிள்ளையோடு வெளியேறிய பெண்ணை, 60 நாளில் மீண்டும் அந்த ஆள்முன் நிறுத்துவதா என்று கேட்கிறார்கள். நியாயமான அச்சம். குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டம் (2005), சந்திப்பு குழந்தைக்குத் தீங்கானது என்று தெரிந்தால் அதை மறுக்க மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் தருகிறது. அந்த அதிகாரம் அப்படியே இருக்கட்டும். 60 நாளில் உத்தரவு என்றால் 60 நாளில் அனுமதி என்று பொருளல்ல. அனுமதியோ, மறுப்போ, மூன்றாம் நபரின் மேற்பார்வையில் சந்திப்போ, எதுவானாலும் காரணத்தோடு சொல்லிவிட வேண்டும். முடிவே சொல்லாமல் இழுத்தடிப்பது, வன்முறைக்கு ஆளானவருக்கும் பாதுகாப்பு தருவதில்லை.

உத்தரவு கையில் கிடைத்த பிறகும் சிக்கல் தீர்வதில்லை. சந்திப்பு நாளன்று குழந்தைக்குத் தவறாமல் காய்ச்சல் வருகிறது. ‘ஜீவனாம்சம் வராமல் பிள்ளையைக் காட்ட மாட்டேன்’ என்கிறது ஒரு தரப்பு. ‘பிள்ளையைக் காட்டாமல் பணம் தர மாட்டேன்’ என்கிறது மறுதரப்பு. இரண்டுமே குழந்தையின் வயிற்றிலும் மனதிலும் அடிப்பவை. இதற்கெல்லாம் அவமதிப்பு வழக்கு என்று கிளம்பினால் இன்னும் சில ஆண்டுகள் போகும். தவறிய ஒவ்வொரு சந்திப்புக்கும் ஈடாக வேறொரு நாள் தானாகவே கிடைக்கும்படி, முதல் உத்தரவிலேயே எழுதிவிடலாம்.

பெற்றோர் இருவரும் கூட்டாகப் பொறுப்பேற்கும் முறையைச் சட்டமாக்கலாம் என்று சட்ட ஆணையம் தன் 257-ஆவது அறிக்கையில் 2015-இலேயே பரிந்துரைத்தது. பத்தாண்டுகள் ஓடியும் அது ஏட்டளவிலேயே இருக்கிறது. அந்தப் பெரிய சீர்திருத்தம் வரும்போது வரட்டும். 26-ஆவது பிரிவில் சில சொற்களைச் சேர்க்க நாடாளுமன்றத்துக்கு ஒரு கூட்டத்தொடர் போதும்.

அதுவரை கைகட்டி நிற்க வேண்டியதுமில்லை. குடும்ப நீதிமன்றங்களுக்கான விதிகளை வகுக்கும் அதிகாரத்தை 1984-ஆம் ஆண்டுச் சட்டம் உயர் நீதிமன்றங்களுக்கு வழங்கியிருக்கிறது. சந்திப்பு மனுக்களில் முதல் இடைக்கால உத்தரவை 60 நாளுக்குள் பிறப்பிக்க வேண்டும் என்று சென்னை உயர் நீதிமன்றம் விதி செய்ய வேண்டும். அதற்குத் தேவையான கவுன்சலர்களையும், நீதிமன்ற வளாகத்துக்கு வெளியே சந்திப்பு மையங்களையும் தமிழக அரசு மாவட்டந்தோறும் ஏற்படுத்தித் தர வேண்டும். பெரியவர்களின் வழக்கு எத்தனை ஆண்டுகள் வேண்டுமானாலும் நடக்கட்டும். குழந்தையின் மனு மட்டும் வரிசையில் காத்திருக்கக் கூடாது.