சித்தியின் கழுத்துக்குத் தைலம்

சென்ற ஆண்டு இறுதியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை உட்லண்ட்ஸில் இருக்கும் சித்தி வீட்டுக்குப் போயிருந்தேன். கதவைத் திறந்ததுமே கோடாலித் தைல வாசம் மூக்கைத் துளைத்தது. கூடத்தில் சித்தி நாற்காலியில் உட்கார்ந்திருந்தார். பின்னால் நின்று சித்தப்பா அவர் கழுத்தில் தைலம் தேய்த்துக்கொண்டிருந்தார்.

"உங்க சித்திக்கும் என்னை மாதிரியே கழுத்து எலும்பு தேய்ஞ்சுபோச்சும்மா. ரிப்போர்ட்லயே போட்டிருக்கு" என்றார்.

சித்தப்பா பேருந்து ஓட்டுநர். சில ஆண்டுகளுக்கு முன்பு அவருடைய கழுத்துவலிக்கு எடுத்த எக்ஸ்ரே அறிக்கையில் 'செர்விக்கல் ஸ்பான்டிலோசிஸ்' என்று இருந்தது எங்கள் குடும்பத்தில் எல்லாருக்கும் தெரியும். இப்போது சித்தியின் அறிக்கையில் 'குரோனிக் செர்விசைட்டிஸ்' என்று இருந்தது. இரண்டும் 'செர்வி' என்றுதான் தொடங்குகின்றன. பலதுறைத் தொழிற்கல்லூரியில் படிக்கும் மகனும் கைப்பேசியில் தேடிப் பார்த்து, "செர்விக்கல்னா கழுத்துதான்பா" என்று உறுதி செய்துவிட்டான். அன்றிலிருந்து தினமும் தைலம்.

சித்தி தேநீர் கலக்க எழுந்தார். நானும் அடுப்படிக்குப் போனேன். அவர் குழாயைத் திறந்துவிட்டார். தண்ணீர்ச் சத்தத்துக்கு நடுவே மெல்லச் சொன்னார்.

"அது கழுத்து இல்லன்னு எனக்குத் தெரியும்மா. டெஸ்ட் எங்க எடுத்தாங்கன்னு எனக்குத் தெரியாதா? ஆனா அவர்கிட்ட எப்படிச் சொல்றது? அந்த இடத்துக்கு என்ன பேரு சொல்றது?"

கொஞ்ச நேரம் பேசவில்லை. பிறகு கேட்டார்: "புற்றுநோய்தானே அது?"

மாதவிடாய் இல்லாத நாள்களிலும் இரத்தக்கசிவு இருந்ததால் ஒரு மருந்தகத்தில் பரிசோதனை செய்திருக்கிறார். அறிக்கையை உறையில் போட்டுக் கையில் கொடுத்தவர்கள், மறுபடியும் வந்து மருத்துவரைப் பார்க்கச் சொல்லியிருக்கிறார்கள். பயத்தில் இரண்டு முறை போகவில்லை. மூன்று மாதம் ஓடிவிட்டது. மூன்று மாதமாகத் தமக்குப் புற்றுநோய் என்று நினைத்துக்கொண்டு, இல்லாத கழுத்துவலிக்குத் தைலம் தேய்க்கக் கழுத்தைக் காட்டிக்கொண்டிருந்திருக்கிறார்.

நான் வானொலியில் பேசிப் பிழைப்பவள். அன்று சித்தியின் கேள்விக்கு என்னிடம் பதில் இல்லை. இன்னொன்றும் நினைவுக்கு வந்து உறுத்தியது. முன்பொரு முறை நிகழ்ச்சிக்கு வந்த மருத்துவர் ஒருவர் 'கருப்பை வாய்' என்று சொல்லத் தொடங்கியதுமே, "சரி டாக்டர், ஒரு பாடல் கேட்டுவிட்டு வருவோம்" என்று பேச்சை மாற்றியவள் நான். காரில் பிள்ளைகள் கேட்டுக்கொண்டிருப்பார்களே என்று எனக்கு நானே சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

மறுவாரம் சித்தியை நானே மருத்துவரிடம் அழைத்துப்போனேன். அங்கே தெரிந்துகொண்டதையும், பிறகு படித்து அறிந்ததையும் இங்கே சொல்கிறேன்.

சித்தி மகன் சொன்னதில் பாதி சரி. 'செர்விக்ஸ்' என்ற லத்தீன் சொல்லுக்குக் கழுத்து என்றுதான் பொருள். ஆனால் மருத்துவத்தில் அந்தப் பெயர் இரண்டு இடங்களுக்கு வழங்குகிறது. ஒன்று, தலையைத் தாங்கும் கழுத்து. மற்றொன்று, கருப்பையின் அடிப்பகுதியில் குறுகி, பிறப்புப் பாதைக்குள் திறக்கும் சிறிய பகுதி. நீளம் சுமார் 3 சென்டிமீட்டர்தான். பிரசவ நேரத்தில் அதன் வாசல் 10 சென்டிமீட்டர்வரை விரிந்து குழந்தைக்கு வழிவிடுகிறது. நம்மில் பெரும்பாலோர் அந்த வாசலைக் கடந்து வந்தவர்கள்தான். அதன் பெயரைச் சொல்லத்தான் கூச்சப்படுகிறோம்.

ஆகவே, அறிக்கையில் 'செர்விக்கல்' என்று மட்டும் பார்த்து முடிவுக்கு வரக்கூடாது. பக்கத்தில் இருக்கும் சொல்லையும் பார்க்கவேண்டும். 'ஸ்பான்டிலோசிஸ்' என்று இருந்தால் அது முதுகெலும்பின் கழுத்துப் பகுதியில் ஏற்படும் தேய்மானம். 'செர்விசைட்டிஸ்' என்பதில் அந்தக் குழப்பமே இல்லை. அந்தச் சொல் கருப்பையின் கழுத்துக்கு மட்டுமே உரியது.

'ஐட்டிஸ்' என்ற வால் நமக்குப் புதிதல்ல. கேஸ்டிரைட்டிஸ், டான்சிலைட்டிஸ், ஆர்த்ரைட்டிஸ் என்று தினமும் சொல்கிறோம். உறுப்பின் பெயரோடு அந்த வால் சேர்ந்தால், அந்த உறுப்பில் அழற்சி என்று பொருள். இரைப்பையில் வந்தால் கேஸ்டிரைட்டிஸ். கருப்பை வாயில் வந்தால் செர்விசைட்டிஸ். தமிழில் கருப்பை வாய் அழற்சி. சிலர் கருப்பைக் கழுத்து அழற்சி என்றும் எழுதுவார்கள்.

அழற்சி என்பதில் இருப்பது அழல், அதாவது நெருப்பு. ஆங்கிலச் சொல்லின் லத்தீன் வேரிலும் தீச்சுடர்தான் இருக்கிறது. மலாயில் 'ராடாங்' என்கிறார்கள். கோபம் ஏறினாலும் 'நாயிக் ராடாங்' என்றே சொல்வார்கள். சீனத் தோழி ஒருவர் எழுதிக் காட்டினார்: தீ என்ற எழுத்தை ஒன்றன்மேல் ஒன்றாக இருமுறை எழுதினால் அழற்சி. நம் தீவில் பேசும் நான்கு மொழிகளும் ஒரே நெருப்பைத்தான் பார்த்திருக்கின்றன. உடலில் ஓரிடம் சிவந்து, வீங்கி, எரிச்சல் காண்பது அது. புற்றுநோய் வேறு. அதில் உயிரணுக்கள் மாறிக் கட்டுக்கடங்காமல் பெருகுகின்றன.

பிறகு ஏன் சித்திக்கு உடனே புற்றுநோய் நினைவுக்கு வந்தது? யோசித்துப் பார்த்தால் தவறு நம்மைப் போன்ற ஊடகக்காரர்கள்மீது. 'கருப்பை வாய்' என்ற சொல் செய்தியில் எப்போதெல்லாம் வருகிறதோ, அப்போதெல்லாம் பின்னாலேயே 'புற்றுநோய்' வருகிறது. தனியாக அந்தச் சொல்லை நாம் கேட்டதே இல்லை. அதனால் முதல் பாதியைக் கேட்டதும் மீதியை மனம் தானே நிரப்பிக்கொள்கிறது.

'குரோனிக்' என்ற சொல்லும் பயமுறுத்தியது. பேச்சுவழக்கில் அதை 'ரொம்ப மோசம்' என்ற பொருளில் பயன்படுத்துகிறோம். மருத்துவத்தில் அதற்கு நாள்பட்ட என்று மட்டுமே பொருள். எவ்வளவு கடுமை என்பதை அது சொல்வதில்லை, எவ்வளவு காலம் என்பதைத்தான் குறிக்கிறது. குழந்தை பெற்ற பெண்களின் பரிசோதனை அறிக்கைகளில் 'குரோனிக் செர்விசைட்டிஸ்' என்பது மருத்துவர்கள் அடிக்கடி பார்க்கும் வரிகளில் ஒன்று.

அடுத்ததாக, வீட்டில் சண்டை மூட்டக்கூடிய ஒரு கேள்வி உண்டு: இது எப்படி வருகிறது? கிளமிடியா, கொனோரியா, டிரைக்கோமோனாஸ் போன்ற, பாலுறவு வழியாகத் தொற்றும் கிருமிகளால் வரலாம். ஆனால் அவை மட்டுமே காரணம் அல்ல. வாசனைத் திரவங்களோ கிருமிநாசினியோ உள்ளே பட்டாலும் வரலாம். ஆணுறையின் ரப்பர் ஒவ்வாமல் போனாலும் வரலாம். பலருக்குக் காரணமே தெரிவதில்லை. தொற்றாக இருந்தாலும், கிளமிடியா போன்றவை எந்த அறிகுறியும் காட்டாமல் நெடுநாள் உடலில் தங்கியிருக்கக்கூடியவை. எப்போது வந்தது, யாரிடமிருந்து வந்தது என்று அறிக்கையை வைத்துச் சொல்லமுடியாது. எனவே அந்த ஒரு சொல்லை வைத்துக்கொண்டு கணவனோ மனைவியோ மற்றவரைக் கூண்டில் ஏற்றவேண்டாம். தொற்று உறுதியானால் இருவருமே சிகிச்சை பெறவேண்டும். ஒருவர் மட்டும் மருந்து சாப்பிட்டால் மற்றவரிடமிருந்து மறுபடியும் தொற்றிக்கொள்ளும்.

இவ்வளவு சொன்னதால் இதை அப்படியே விட்டுவிடலாம் என்று நினைக்கவேண்டாம். கிளமிடியா, கொனோரியா தொற்றைக் கவனிக்காமல் விட்டால் அது மேலேறிக் கருப்பைக்கும் கருக்குழாய்களுக்கும் பரவலாம். பிள்ளைப்பேறு தடைபடலாம், கரு குழாயிலேயே தங்கிவிடலாம். நேரத்தோடு போனால் பெரும்பாலும் மாத்திரைகளோ ஓர் ஊசியோ போதும். மாதவிடாய் நாள்களுக்கு இடையில், பாலுறவுக்குப் பிறகு, மாதவிடாய் நின்றபின் என எப்போது இரத்தக்கசிவு கண்டாலும், வழக்கத்துக்கு மாறாக வெள்ளைப்பட்டாலும், அடிவயிறு வலித்தாலும் மருத்துவரைப் பாருங்கள். இதே அறிகுறிகள் புற்றுநோயிலும் வரலாம். எது எது என்று பரிசோதனைதான் பிரித்துச் சொல்லும், நம் பயமோ கைப்பேசியோ சொல்லாது.

அறிகுறி இல்லாதவர்களுக்கும் பரிசோதனை உண்டு. சிங்கப்பூரில், பாலுறவு அனுபவம் உள்ள பெண்கள் 25 முதல் 29 வயதுவரை 3 ஆண்டுகளுக்கு ஒருமுறை பேப் பரிசோதனையும், 30 வயதிலிருந்து 5 ஆண்டுகளுக்கு ஒருமுறை எச்பிவி பரிசோதனையும் செய்துகொள்ளப் பரிந்துரைக்கப்படுகிறது. ஹெல்தியர் எஸ்ஜி திட்டத்தில் சேர்ந்துள்ள குடிமக்கள், தாங்கள் பதிந்துகொண்ட மருந்தகத்தில் இதைக் கட்டணமின்றிச் செய்துகொள்ளலாம். கருப்பை வாய்ப் புற்றுநோய்க்குப் பெரும்பாலும் காரணமாக இருப்பது எச்பிவி கிருமி. 2019 முதல் உயர்நிலை 1 மாணவிகளுக்குப் பள்ளியிலேயே அதற்கான தடுப்பூசி போடப்படுகிறது. வீட்டுக்கு வரும் ஒப்புதல் படிவத்தில் கையெழுத்துப் போடும்போது, அது எந்த உறுப்பைக் காக்கும் ஊசி என்று மகளிடம் பெயர் சொல்லிச் சொல்லுங்கள்.

சித்தியின் கதைக்கு வருகிறேன். எச்பிவி கிருமி இல்லை. மற்றத் தொற்றுகளும் இல்லை. மருத்துவர் கடைசியாக ஒரு கேள்வி கேட்டார்: "கழுவுவதற்கு என்ன பயன்படுத்துகிறீர்கள்?" சித்தி தயங்கித் தயங்கிச் சொன்னார். சுத்தமாக இருக்கவேண்டும் என்று பல ஆண்டுகளாகக் கிருமிநாசினியைத் தண்ணீரில் கலந்து உள்ளேயும் கழுவியிருக்கிறார். அதை நிறுத்தச் சொன்ன மருத்துவர், "வெளியே தண்ணீர் போதும்மா, உள்ளே தானாகவே சுத்தமாகிக்கொள்ளும்" என்றார். அடுத்த சில வாரங்களில் இரத்தக்கசிவு நின்றது. மறுபடியும் பார்த்தபோது எல்லாம் சரியாக இருந்தது.

வெளியே வந்ததும் சித்தி அந்தப் பெயரை என்னிடம் இரண்டு முறை கேட்டுச் சொல்லிப் பார்த்தார். அந்த மாதமே நிகழ்ச்சிக்கு ஒரு மருத்துவரை அழைத்து, இதைப் பற்றிப் பேசினோம். 'கருப்பை வாய் அழற்சி' என்று நானே முதலில் சொன்னேன். நடுவில் பாடல் போடவில்லை. பிள்ளைகள் காரில் கேட்டிருந்தால் கேட்கட்டும்.

சித்தப்பாவிடம் நான் சொல்லவில்லை. சித்தியே சொன்னார், சாப்பாட்டு மேசையில், மகனும் இருக்கும்போது. கழுத்து இல்லை, கருப்பை வாய், அதில் அழற்சி, இப்போது சரியாகிவிட்டது என்று. சித்தப்பா சோற்றைப் பிசைவதை நிறுத்திவிட்டு அவரைப் பார்த்தார்.

"அப்ப மூணு மாசமா நான் தைலம் தேய்ச்சது?"

"அது நல்லாத்தான் இருந்துச்சு" என்றார் சித்தி. "அதை நிறுத்த வேணாம்."