பேராந்தை புகட்டும் பாடம்

பெயர் சூட்டுதல் எளிது. சூட்டிய பெயரைச் சான்று மறுக்கும்போது அதனைக் கைவிடுதலே அரிது. ஆய்வாளரின் நேர்மையை அளக்க இதனினும் சிறந்த அளவுகோல் இல்லை என்பது நம் துணிபு. கியூபாத் தீவில் வாழ்ந்து மறைந்த பேராந்தையின் வரலாறு இதற்கு நல்லதோர் எடுத்துக்காட்டாகும்.

அத்தீவின் குகைகளில் கிடைத்த பெரும்பறவை ஒன்றின் எலும்புகளை ஆராய்ந்த கியூப அறிஞர் ஆஸ்கார் அர்ரெடோண்டோ, 1958ஆம் ஆண்டில் அதற்கு ‘ஆர்னிமெகலோனிக்ஸ்’ எனப் பெயரிட்டார். ‘பெருநகப் பறவை’ என்பது அதன் பொருள். நீண்டு பருத்த கால் எலும்புகளைக் கண்ட அவர், தென்னமெரிக்காவில் வாழ்ந்தழிந்த, பறக்கவியலாத ஊனுண்ணிப் பறவைகளின் இனத்தோடு அதனைச் சேர்த்தார். அத்துணைப் பெரிய ஆந்தை இருந்திருக்கும் என எவர்தாம் எண்ணியிருப்பர்? ஆயினும் 1961இல் அமெரிக்க அறிஞர் பியர்ஸ் பிராட்கார்ப், அவ்வெலும்புகள் ஆந்தைக்கே உரியன என எடுத்துக்காட்டினார்.

அம்முடிவை அர்ரெடோண்டோ ஏற்றார். பின்னர் அவர் எழுதிய கட்டுரைகளில் அப்பறவை ஆந்தையாகவே இடம்பெற்றது. ஏறத்தாழ 1 மீட்டர் உயரமும், சுமார் 9 கிலோ எடையும் உடையது அது என மதிப்பிடுகின்றனர். பறத்தற்குரிய தசைகள் பற்றி நிற்கும் மார்பெலும்பின் முகடு அதற்குச் சிறுத்திருந்தது. ஆகவே அது பெரும்பாலும் தரையில் நடந்தும் ஓடியும் இரை தேடியிருக்க வேண்டும். பெரிய ஊனுண்ணி விலங்குகள் இல்லாத அத்தீவில், அவற்றின் இடத்தைப் பறவைகள் நிரப்பின.

வரலாறு இத்துடன் முடியவில்லை. 1982இல் அர்ரெடோண்டோ மேலும் 3 இனங்களை வகுத்தார். 2020இல் வில்லியம் சுவாரெஸ் அவ்வெலும்புகளை மீண்டும் ஒப்புநோக்கி, அம்மூன்றும் முதல் இனத்தின் வேறுபாடுகளே என அறிவித்தார்.

‘இன்று ஒன்று, நாளை வேறொன்று எனக் கூறுவது என்ன அறிவு?’ எனச் சிலர் வினவலாம். அதுவே அறிவு என்போம் நாம். கருத்து மாறியதே அன்றி எலும்பு மாறவில்லை; குகையிற் கிடைத்தவை காக்கப்பட்டமையாலன்றோ பின்வந்தோர் மீண்டும் நோக்க இயன்றது? திருத்தப்பெற்றதால் அர்ரெடோண்டோவின் புகழ் குன்றவில்லை. அவர் இட்ட பெயரே இன்றும் வழங்குகின்றது.

ஆகவே மாணாக்கர், ஆசிரியர் கூறியதைப் போற்றுவதோடு அமையாது, அதன் சான்றையும் கேட்டறிதல் வேண்டும். ஆசிரியரும் அவ்வினாவை அவமதிப்பெனக் கருதாது வரவேற்றல் வேண்டும். பிழை திருத்த இடந்தரும் அவையே கல்விக்கழகம் எனும் பெயருக்கு உரியது.