தந்தையின் கடன்: அன்றும் இன்றும்

சங்கப் புலவருள் ஒருவராகிய பொன்முடியார், ஒரு குடியிற் பிறந்த மகனை உருவாக்குவதில் யாருக்கு எப்பொறுப்பு உரியது என்று வகுத்துரைத்தார். அவர் பெற்று வளர்த்தலைத் தாய்க்கு உரிமையாக்கி, நற்பண்பு நிறைந்தவனாக்குதலைத் தந்தைக்கு உரிமையாக்கினார். திருவள்ளுவரும் மக்கட்பேற்றைக் கூறுமிடத்து, கற்றோர் கூட்டத்திலே மகன் முதன்மை பெறுமாறு செய்தலையே தந்தையின் உதவியாகக் கொண்டார். இவ்விரு சான்றோரும் தந்தைக்கு முதற்கண் விதித்தது பொருள் தேடிக் குவித்தல் அன்று. ஆளை ஆக்குதலே என்பது சிந்திக்கத்தக்கது. நம் சமுதாயமோ நெடுங்காலமாகப் பொருள் தேடித் தருதலையே தந்தைமை என்று எண்ணி வந்துள்ளது. அவ்வெண்ணம் இன்று திருத்தப்படவேண்டும் என்பதே எமது கருத்து.

யாழ்ப்பாணத்துப் பழைய தந்தையரை இருவகையினராகக் கொள்ளலாம். ஒருவர் தோட்டஞ் செய்த தந்தை. விடியுமுன் துலா மிதித்து இறைக்கும்போது அவருடைய மகன் வாய்க்காலிலே பாத்திக்குப் பாத்தி நீரைத் திருப்பி விடுவான். புகையிலைக் கன்று நடுதலையும் வெங்காயம் கிண்டுதலையும் அவன் அவர் அருகே நின்றே கற்றான். அத்தந்தை அதிகம் பேசினாரல்லர். எனினும் மகன் அவரை நாள்தோறும் கண்டான். அவருடைய களைப்பையும் கோபத்தையும் நேர்மையையும் அறிந்தான். அதுவே அவன் பெற்ற கல்வி.

மற்றவர் உத்தியோகத் தந்தை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியிலிருந்து மலாயாவின் புகையிரதப் பகுதியும் பிற அரசாங்கக் கந்தோர்களும் ஆங்கிலம் கற்ற எம்மவரை அழைத்தன. 1905ஆம் ஆண்டில் வடபகுதிப் புகையிரதப் பாதை காங்கேசன்துறைவரை நிறைவுற்றபின் கொழும்பு உத்தியோகமும் எளிதாயிற்று. மாதந்தோறும் காசுக்கட்டளை வந்தது, ஓலைவீடு கல்வீடாயிற்று, பிள்ளைகள் கல்லூரிக்குச் சென்றனர். நமது கல்லூரி போன்ற நிறுவனங்களின் கட்டடங்களிலே அத்தகைய தந்தையரின் வியர்வையும் கலந்துள்ளது என்பதை நன்றியோடு நினைத்தல் வேண்டும். ஆயினும் அப்பிள்ளைகளுட் பலர் தந்தையைக் கடிதத்தினாலும் நிழற்படத்தினாலுமே அறிந்தனர். அவர் விடுமுறையில் வந்தபோது படலையடியிற் கேட்ட செருமல் ஒன்றே வீட்டை அடக்கிற்று. ‘ஐயா’ என்றும் ‘அப்பு’ என்றும் அழைத்த பிள்ளைகள் அவரிடம் ஒன்றைக் கேட்க விரும்பினால் தாயைத் தூது விட்டனர்.

அத்தந்தை அன்பற்றவரா? அல்லர். அவரை ஊரைவிட்டு ஓட்டியது பெரும்பாலும் பெண்மக்களின் சீதனமே. 1707ஆம் ஆண்டில் ஒல்லாந்தர் தொகுத்து நடைமுறைப்படுத்திய தேசவழமை, ஆதனத்தை முதுசம், சீதனம், தேடியதேட்டம் எனப் பகுத்துரைக்கின்றது. சட்டம் கூறியது ஒருபுறமிருக்க, ஊர் கூறியது வேறு. ஒவ்வொரு மகளுக்கும் வீடும் வளவும் நகையும் ரொக்கமும் என்று ஊர் கணக்கிட்டது. மூன்று பெண்களைப் பெற்றவர் முப்பது ஆண்டு அந்நிய ஊரில் அறையெடுத்துத் தங்கி, சிக்கனமாக உண்டு, அக்கணக்கைத் தீர்த்தார். இளைப்பாறி வீடு திரும்பியபோது தீர்க்கவேண்டிய கடன் தீர்ந்திருந்தது. ஆனால் அறியவேண்டிய பிள்ளைகள் மணமாகிப் போயிருந்தனர்.

இந்நிலை பின்னர் பலவாறு மாறிற்று. 1945ஆம் ஆண்டில் வந்த இலவசக் கல்வி பெண்மக்களுக்கும் உயர்கல்வியின் வாயிலை அகலத் திறந்தது. அவர்கள் ஆசிரியைகளாகவும் வைத்தியர்களாகவும் எழுதுவினைஞர்களாகவும் ஆயினர். மனைவியும் காலை ஏழு மணிக்கே தொழிலுக்குப் புறப்படும் வீட்டிலே, பிள்ளையைக் குளிப்பாட்டுதலும் சோறூட்டுதலும் தாயின் கடன் மட்டுமே என்று கூறுதல் நீதியாகாது. 1983ஆம் ஆண்டின் பின்னர் எண்ணற்ற தந்தையர் கனடாவுக்கும் ஐரோப்பாவுக்கும் பெயர்ந்தனர். மலாயாக் கடிதத்தின் இடத்தைத் தொலைபேசி பெற்றது. இன்று கைத்தொலைபேசியின் கண்ணாடியிலே பிள்ளை தந்தையின் முகத்தைக் காண்கின்றது. முகம் வருகின்றது; கை வருவதில்லை. காய்ச்சலில் நெற்றியைத் தொட்டுப் பார்ப்பதற்கு எவ்விஞ்ஞானமும் இன்னும் வழி காணவில்லை.

இவற்றினும் கொடியது ஒன்றுண்டு. ஆடி அமாவாசையன்று தந்தையை இழந்தோர் கீரிமலையில் நீராடி, விரதமிருந்து, காத்தோட்டிக்காயும் சேர்த்துச் சமைத்துப் படைப்பது நம் மரபு. 2009ஆம் ஆண்டில் முடிவுற்ற போரிலே காணாமற் போனோரின் பிள்ளைகள் அந்நாளில் யாது செய்வர்? விரதம் பிடித்தால் தந்தை இறந்தார் என்று தாமே ஒப்புக்கொண்டதாகும். பிடியாவிடின் மகன் கடமை தவறியதாகும். வீதியோரக் கொட்டில்களிலே படத்தை ஏந்தி ஆண்டுக்கணக்காக அமர்ந்த தாய்மாரின் பின்னால், இவ்வினாவோடு வளர்ந்த பிள்ளைகள் உள்ளனர். தந்தையின் இடம் வெறும் பணத்தின் இடமன்று என்பதற்கு இதனினும் வேறு சான்று வேண்டுமோ?

நமது நாட்டின் விதிகளும் பழைய எண்ணத்தினின்று விடுபடவில்லை. 2013ஆம் ஆண்டில், வீட்டுப் பணிக்காக வெளிநாடு செல்லும் பெண்கள் குடும்பப் பின்னணி அறிக்கை பெறவேண்டும் என்றும், ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளையுடைய தாய் செல்லலாகாது என்றும் விதிக்கப்பட்டது. இவ்விதி பின்னர் தளர்த்தப்பட்டது. ஆனால் கைக்குழந்தையை விட்டுச் சென்ற தந்தையிடம் அத்தகைய அறிக்கை கேட்கப்படவில்லை. தாய் பிரிந்தால் பிள்ளைக்குக் கேடு, தந்தை பிரிந்தால் கேடில்லை என்பதே இதன் உட்பொருள். பிள்ளைப்பேற்றுக்குத் தாய்க்கு 84 நாள் விடுமுறையும், அரசாங்க சேவையிலுள்ள தந்தைக்கு மூன்று நாளும் என வகுத்த விதியும் இவ்வெண்ணத்தினின்று பிறந்ததே.

இங்கே சிலர் மறுத்துரைப்பர். தந்தை சமையலறையில் நிற்றலும் குழந்தையின் துணியைத் தோய்த்தலும் மேனாட்டு வழக்கம். பிள்ளையோடு தோழமை கொண்டால் அச்சம் போம், அச்சம் போனால் ஒழுக்கமும் போம் என்பது அவர் வாதம். அவர் தமது சமயத்தையே சற்று நோக்குவாராக. சுவாமிமலையிலே தகப்பன்சாமியாக எழுந்தருளியிருப்பவன் முருகன். பிரணவப் பொருளை மகன் கூற, உலகுக்கெல்லாம் தந்தையாகிய சிவபெருமான் மாணாக்கன்போற் பணிந்து செவிசாய்த்துக் கேட்டார் என்பது அத்தலத்தின் வரலாறு. மகன் சொல்லைக் கேட்டதனால் இறைவனின் பெருமை குறைந்ததில்லை. மனிதத் தந்தையின் பெருமை மட்டும் எங்ஙனம் குறையும்? விஜயதசமியன்று குழந்தையை மடியிலிருத்தி, அதன் விரலைப் பற்றி அரிசியில் முதலெழுத்தை எழுதுவிக்கும் வழக்கமும் நம்முடையதே. அம்மடி ஒருநாள் மட்டும் உரியதன்று. அச்சத்தினால் வரும் ஒழுக்கம் தந்தை படலையைத் தாண்டியவுடன் தானும் தாண்டிவிடும். அன்பினால் வருவதே அவர் இல்லாதபோதும் நிற்கும்.

ஆதலின் செய்யத்தக்கன யாவை? முதலாவது, தந்தையர் நாளில் ஒருமணி நேரமேனும் பிள்ளைக்கென ஒதுக்குக. பரீட்சைப் புள்ளியை விசாரிப்பதற்கன்று, பிள்ளை சொல்வதைக் கேட்பதற்கு. பாடசாலை முடிந்ததும் தனியார் வகுப்புக்கு ஓடி, இரவு எட்டு மணிக்கு வீடு சேரும் பிள்ளைக்குத் தந்தை தரக்கூடிய அரும்பொருள் அதுவே. இரண்டாவது, தந்தை வீட்டிலிருக்க வேண்டுமாயின் அவரை வெளியேற்றும் சீதனக் கொடுமை ஒழிதல் வேண்டும். மகனுக்குப் பெண் தேடும்போது வீட்டையும் காசையும் பேசுகின்றவர், இன்னொரு தந்தையை அவருடைய பிள்ளைகளிடமிருந்து பிரிக்கின்றார் என்பதை உணர்வாராக. கல்லூரியிற் கற்ற நாம் இதில் வழிகாட்டாவிடின் வேறு யார் காட்டுவர்?

மூன்றாவது, பழைய மாணவராகிய நமது கடமை. மண்டபமும் விளையாட்டரங்கும் அமைத்தல் நன்றே. புலம்பெயர்ந்த அன்பர்களின் வள்ளன்மையை யாரும் குறைத்து மதிப்பிடார். ஆயினும் இன்று வகுப்பறையிலே தந்தையற்ற மாணவரும், தந்தை இருந்தும் காணாத மாணவரும் அமர்ந்துள்ளனர். ஊரிலே வாழும் பழைய மாணவர் ஒவ்வொருவரும் அத்தகைய மாணவன் ஒருவனைத் தம் பொறுப்பாக ஏற்று, வாரம் ஒருமுறை அவனோடு அமர்ந்து பேசி, அவனுக்கு மாமனாகவோ சித்தப்பனாகவோ நிற்பாராயின், அது எக்கட்டடத்தினும் நீடித்து நிற்கும். அதற்குப் பணம் வேண்டுவதில்லை. மனமும் நேரமுமே வேண்டும்.

பழைய தந்தை தமக்குத் தெரிந்தவாறு தம் கடனைச் செய்தார். அவரை நாம் வணங்குவோம். அவர் கட்டிய வீட்டிலே இனி நாம் குடியிருந்து, பிள்ளைகளோடு உண்டு, அவர்கள் சொல்லக் கேட்டு, பொன்முடியார் கூறிய அப்பெருங்கடனை நிறைவேற்றுவோமாக.