சேற்றைக் கேட்டீர்களா?

நெடுங்காடு பக்கம் ஒரு வயல். தை மாசம், சம்பா அறுப்பு. கதிர் முற்றித் தலை சாய்ந்து நிற்கிறது. ஆனால் மார்கழிக் கடைசியில் பெய்த மழையில் அடிமண் இன்னும் இறுகவில்லை. பார்வைக்கு மேல்மண் காய்ந்திருக்கும். காலை வைத்தால் கெண்டைக்கால் வரை உள்ளே போகும். காவிரியின் கடைசிச் சொட்டும் எங்களுக்குத்தான், மேலே வடிகிற வெள்ளம் அத்தனையும் எங்களுக்குத்தான். காரைக்கால் கடைமடை.

ஏஜென்ட் டயர் வண்டியைக் கொண்டுவந்து வரப்போரம் நிறுத்தினார்.

''தம்பி, இது தாங்காதுப்பா. பெல்ட் வண்டியில்ல கேட்டேன்?''

''பெல்ட் வண்டி திருநள்ளாத்துல ஓடுது மாமா. இதுவே போவும். ஆத்தூர்லேர்ந்து வந்த டிரைவரு, எத்தனையோ வயலைப் பாத்தவரு.''

போனது. நாலாவது சுற்றில் பின்சக்கரம் உட்கார்ந்துவிட்டது.

அன்றைக்குச் சாயந்திரம் பக்கத்து வீட்டுப் பையன் ஒரு பொது அறிவுப் புத்தகத்தோடு வந்தான். கேள்வி: முதல் உலகப் போரில் வெற்றி தேடித் தந்த டாங்கியைக் கண்டுபிடித்தவர் யார்? பதில்: வின்ஸ்டன் சர்ச்சில். எனக்குக் கோபம் வந்துவிட்டது. ஒரே வரியில் இரண்டு தப்பு. இந்த மாதிரிப் புத்தகங்களைப் படித்துத்தான் நம் பிள்ளைகள் நாளைக்கு அதிகாரிகள் ஆகப்போகிறார்கள்.

சர்ச்சில் செய்தது, கடற்படை மந்திரியாக இருந்தபோது 1915 பிப்ரவரியில் ஒரு கமிட்டி போட்டது. கமிட்டி போடுவது நல்ல காரியம்தான், மறுக்கவில்லை. ஆனால் கமிட்டி போட்டவர் பெயர் நிற்கிறது. கையில் கிரீஸ் பட்டவர் பெயர் நிற்கவில்லை.

டாங்கியின் நிஜ வம்சாவளி எங்கே ஆரம்பிக்கிறது தெரியுமா? ஒரு டெல்டாவில். கலிஃபோர்னியாவில் ஸ்டாக்டன் என்றொரு ஊர். சான் ஹோவாகின் ஆறு கடலைத் தேடிப் போகிற வழியில் உள்ள சதுப்பு பூமி. அங்கே விவசாய இயந்திரம் செய்து விற்றுக்கொண்டிருந்தவர் பெஞ்சமின் ஹோல்ட். அவருடைய நீராவி டிராக்டர் அந்தப் பொதபொத மண்ணில் புதைந்து புதைந்து மானத்தை வாங்கியது. சக்கரத்தை அகலமாக்கிப் பார்த்தார். அது இன்னும் அகலமாகப் புதைந்தது. கடைசியில் 1904 நவம்பரில் சக்கரத்தைக் கழற்றிவிட்டு, கட்டைகளைக் கோத்த சங்கிலிப் பட்டையை மாட்டி ஓட்டினார். வண்டி மண்மேல் ஊர்ந்து போனது. எடை ஒரே இடத்தில் குத்தாமல் பரவி இறங்குகிறது, அவ்வளவுதான் சூட்சுமம். நம்ம ஊர் பெல்ட் வண்டிக்கும் அதுவே சூட்சுமம்.

ஆக, சேற்று விவசாயியின் புலம்பலைக் காதில் வாங்கிய ஒருவர் செய்த வண்டி அது. அதைப் பார்த்துத்தான் இங்கிலீஷ்காரருக்கும் பிரெஞ்சுக்காரருக்கும் யோசனை பிறந்தது. இங்கிலாந்தில் வடிவம் கொடுத்தது லிங்கன் நகரத்தில் ஃபாஸ்டர் கம்பெனி. அதுவும் விவசாய இயந்திரம் செய்கிற கம்பெனிதான். அங்கிருந்த வில்லியம் டிரிட்டனும், வால்டர் வில்சன் என்ற என்ஜினீயரும் உட்கார்ந்து மூளையைக் கசக்கினார்கள். ராணுவம் கேட்டது இரண்டு: எட்டடி அகலப் பள்ளத்தைத் தாண்ட வேண்டும், நாலரை அடி மேட்டில் ஏற வேண்டும். பட்டையை வண்டியின் அடியில் மட்டும் ஓடவிடாமல் தலைக்கு மேலேயும் சுற்றிவர விட்டார்கள். சாய்சதுரம் மாதிரி ஒரு விநோத உருவம். போருக்குப் பிறகு பரிசு கொடுக்க உட்கார்ந்த ராயல் கமிஷன், 15,000 பவுண்டை இந்த இருவருக்கும் சேர்த்துக் கொடுத்தது.

அதே கமிஷன் முன் டி மோல் என்ற ஆஸ்திரேலியர் வந்து நின்றார். 1912லேயே, அதாவது போர் தொடங்குவதற்கு இரண்டு வருஷம் முன்பே, இதைவிட நல்ல வரைபடத்தை லண்டனுக்கு அனுப்பியவர். அங்கே யாரோ ஒரு குமாஸ்தா அதை அலமாரியில் வைத்துவிட்டார். கமிஷன் அவரைப் பாராட்டியது, செலவுக் கணக்காக 987 பவுண்டு கொடுத்து அனுப்பி வைத்தது. ஃபைலை மூடிவைக்கிற வியாதி நமக்கு வெள்ளைக்காரன் விட்டுப்போன சொத்து என்று சும்மாவா சொல்கிறார்கள்.

பெயர் விவகாரம் ஒரு தனி வேடிக்கை. ரகசியம் காக்க, இவை தண்ணீர்த் தொட்டிகள் என்று புளுகினார்கள். டாங்க் என்ற பெயர் ஒட்டிக்கொண்டது. அந்தச் சொல்லே குஜராத்தி, மராத்தி வழியாகவோ போர்ச்சுகீசியர் வாய் வழியாகவோ இங்கிலீஷுக்குப் போனது. நம்ம பக்கத்து ரெவின்யூ ரெக்கார்டுகளில் டாங்க் என்றால் இன்றைக்கும் குளம், ஏரி. குளத்தின் பெயரை வைத்துக்கொண்ட வண்டி குளத்துக்குள்ளேயே போய் விழுந்ததுதான் நான் சொல்ல வந்த கதை.

முதலில் உள்ளே இருந்தவர்களின் கதி. 28 டன் இரும்பு. எட்டு ஆட்கள். என்ஜின் நடுக்கூடத்தில், மறைப்பே கிடையாது. அதைச் சுற்றித்தான் எல்லோரும் ஒண்ட வேண்டும். வெப்பம் 50 டிகிரி. புகை வெளியே போகாது, வாந்தி, மயக்கம். வண்டியைத் திருப்பவே நாலு பேர் கை கொடுக்க வேண்டும். வேகம் மணிக்கு 6 கிலோமீட்டர், அதுவும் நல்ல தரையில். வெளியே குண்டு பட்டால் உள்பக்கம் இரும்புச் சில்லு தெறிக்கும், அதற்காக முகத்தில் சங்கிலிக் கவசம். சேதி சொல்லப் புறா. 1916 செப்டம்பர் 15ம் தேதி பிரான்சில் சோம் ஆற்றுப் பக்கம் முதன்முதலாக இறக்கினார்கள். ஒதுக்கியது 49. புறப்படும் இடத்துக்கே முப்பத்துச் சொச்சம்தான் வந்து சேர்ந்தது. மிச்சம் வழியிலேயே படுத்துவிட்டது.

புது மிஷின், அப்படித்தான் இருக்கும் என்று விட்டுவிடலாம். அடுத்த வருஷம் நடந்ததை விடமுடியாது.

பெல்ஜியத்தில் ஈப்ரு நகரத்தைச் சுற்றியுள்ள பகுதி. தாழ்ந்த களிமண் பூமி. தலைமுறை தலைமுறையாக வடிவாய்க்கால் வெட்டி, தூர்வாரி, தண்ணீரை இறக்கி வைத்துக் குடியானவர்கள் பயிர் செய்த இடம். காரைக்கால்காரன் போய் நின்றால் சொந்த ஊர் மாதிரி இருக்கும். 1917 ஜூலையில் அங்கே தாக்குதல் என்று தளபதி ஹேக் முடிவு செய்தார். அதற்கு முன்னால் பீரங்கி அடி. 40 லட்சத்துக்கு மேல் குண்டுகள். எதிரி செத்தானோ இல்லையோ, வடிவாய்க்கால் அத்தனையும் செத்தது. அப்புறம் மழை பிடித்துக்கொண்டது. கேட்க வேண்டுமா? நம்ம ஊரில் நாட்டாறும் வஞ்சியாறும் அரசலாறும் வடிய ஒரு வாய்க்கால்கூட இல்லாமல் மூடிவிட்டு ஐப்பசி கார்த்திகையைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். மேலே லட்சக்கணக்கில் குண்டுப் பள்ளங்கள்.

டாங்கிப் படைக்காரர்கள் முட்டாள்கள் இல்லை. தினமும் எந்த நிலம் சதுப்பாகிறது, எது இன்னும் தாங்கும் என்று பார்த்து வரைபடம் போட்டார்கள். தலைமையகத்துக்கு அனுப்பினார்கள். என்ன பதில் வந்தது? இந்த வரைபடங்களை இனி அனுப்ப வேண்டாம் என்று. கற்பனை இல்லை, அந்தப் படையில் இருந்தவர்களே போருக்குப் பிறகு எழுதி வைத்த சேதி. வரைபடம் நின்றது. சேறு நிற்கவில்லை. ஜூலை 31ம் தேதி டாங்கிகள் போயின, புதைந்தன. மெனின் சாலையோரம் ஓரிடத்துக்கு டாங்கிச் சுடுகாடு என்றே பெயர் வந்துவிட்டது.

புதைந்தால் ஏறிவர ஒரு ஏற்பாடு செய்திருந்தார்கள். முதுகில் ஒரு பெரிய உத்தரம். அதைச் சங்கிலியால் இரண்டு பட்டையோடும் பிணைத்து ஓட்டினால், உத்தரம் அடியில் போய், அதன்மேல் வண்டி ஏறும். சேற்றில் மாட்டிய டிராக்டரின் பின்சக்கரத்தில் கட்டையைக் கட்டி ஏற்றுவார்களே, அச்சு அசல் அதேதான். என்ன, நம்ம டிரைவர் கட்டும்போது யாரும் சுடுவதில்லை. அங்கே ஒருவன் வெளியே இறங்கி மேலே ஏறிக் கட்ட வேண்டும்.

பிரெஞ்சுக்காரன் மட்டும் யோக்கியமா? காரைக்காலில் கேட்காமல் விடமுடியாத கேள்வி. 1954 வரை இது அவர்கள் ஊர். பிரெஞ்சுக் குடியுரிமை பெற்றிருந்த புதுச்சேரி, காரைக்கால் ஆட்கள் அந்தப் போருக்குப் போனார்கள். சொல்தா என்று நம் ஊரில் சொல்வோமே, அந்த வரிசையின் முன்னோர்கள். திரும்பாதவர்களுக்குப் புதுச்சேரிக் கடற்கரையில் நினைவுச் சின்னம் நிற்கிறது. ஜூலை 14 வந்தால் விளக்குப் போடுகிறார்கள். அவர்கள் டாங்கி ஓட்டினார்கள் என்று கதைவிட மாட்டேன். ஆனால் அவர்கள் உயிர் எந்தத் தளபதிகளின் கையில் இருந்ததோ, அவர்கள்தான் 1917 ஏப்ரல் 16ம் தேதி ஷ்னைடர் டாங்கிகளை அனுப்பினார்கள். ஹோல்ட் டிராக்டரின் அடிப்பாகத்தின் மேல் ஒரு இரும்புப் பெட்டி, பெட்டிக்குள்ளேயே ஆட்களோடு பெட்ரோல். 48 மணி நேரத்தில் முடித்துக்காட்டுவேன் என்று தளபதி நிவேல் வாக்குக் கொடுத்திருந்தார். ஜெர்மன் பீரங்கிகள் காத்திருந்தன. போனவற்றில் பாதிக்கு மேல் திரும்பவில்லை, பலவும் ஆளோடு எரிந்தன. நடத்திப்போன பொஸ்யூ என்ற அதிகாரி தன் டாங்கியிலேயே செத்தார். அதற்குப் பிறகுதான் பெட்ரோலை வெளியே பின்பக்கம் மாற்றினார்கள்.

நியாயமாக ஒன்றையும் சொல்லவேண்டும். அதே பிரான்சில் எஸ்தியென் என்ற பீரங்கிப்படை அதிகாரியும் கார் கம்பெனி ரெனோவும் சேர்ந்து குட்டி டாங்கி செய்தார்கள். ஆறரை டன். இரண்டே பேர். என்ஜின் பின்னால், நடுவில் தடுப்பு. தலையில் முழுவட்டம் சுற்றும் துப்பாக்கிக் கூண்டு. 1918 மே 31ம் தேதி களத்துக்கு வந்தது. ஆவடியில் 1965ல் வெளிவந்த விஜயந்தாவும், பின்னால் வந்த அர்ஜுனும் அந்த அமைப்பின் பேரப்பிள்ளைகள்தான். அழகான யோசனை, ஒத்துக்கொள்கிறேன்.

இந்த இடத்தில் ஒரு ராணுவப் பிரியர் சண்டைக்கு வருவார். ''கம்ப்ரேயை மறந்துட்டீங்களே சார்!'' மறக்கவில்லை. 1917 நவம்பர் 20. தரை இறுகலான சுண்ணாம்புத் தரை. முன்கூட்டிப் பீரங்கி அடித்து மண்ணைக் கெடுக்கவில்லை. 476 டாங்கிகள். பள்ளத்தில் போட்டு ஏறிப்போக விறகுக் கட்டுகள், அவற்றைக் கட்டியது சீனக் கூலித் தொழிலாளர்கள். ஒரே நாளில் ஏழெட்டு கிலோமீட்டர் முன்னேறினார்கள். இங்கிலாந்தில் சர்ச் மணி அடித்துக் கொண்டாடினார்கள். அது டாங்கியின் வெற்றியா, தரை பார்த்து அனுப்பியதன் வெற்றியா? அந்த நாளின் நஷ்டக் கணக்கைப் பாருங்கள். மொத்தம் போனது 179. எதிரி அடித்தது 65. தானாகப் பழுதானது 71. பள்ளத்தில் விழுந்தது 43. எதிரியைவிட மண்ணும் போல்ட்டும் நட்டும் அதிகம் சாய்த்தன. பத்து நாள் கழித்து ஜெர்மன்காரர் திருப்பி அடித்தபோது பிடித்த இடத்தில் பெரும்பகுதி போயிற்று. மணியடித்தவர்கள் என்ன செய்தார்கள் என்று தெரிந்துகொள்ள ஆசை.

1918 ஆகஸ்ட் 8, ஆமியான் போர்க்களம். 400க்கு மேல் டாங்கிகள் கிளம்பின. பெரிய வெற்றிதான். 12ம் தேதி ஓடுகிற நிலையில் இருந்தவை 6. மிச்ச நாட்களின் போரைக் காலாட்படைக்காரன் தோளில் சுமந்தான். வெற்றி தேடித் தந்த டாங்கி என்று அச்சடிப்பவர்கள் இந்த ஆறையும் பக்கத்தில் அச்சடிக்கட்டும்.

நம் நாட்டிலேயே சேற்றைக் கேட்டவர்கள் இருந்திருக்கிறார்கள். 1965 செப்டம்பர், பஞ்சாபில் அசல் உத்தர். பாகிஸ்தானிடம் அமெரிக்கப் பாட்டன், நம்மிடம் இருந்தவற்றில் பல பழசு. நம் ராணுவம் வாய்க்காலை உடைத்துக் கரும்பு வயல்களில் தண்ணீரை விட்டது. பாட்டன் வந்து ஈர மண்ணில் திணறி நின்றது, மறைந்திருந்தவர்கள் அடித்தார்கள். தொண்ணூற்றுச் சொச்சம் டாங்கிகள் காலி. ஜீப்பில் கட்டிய பீரங்கியோடு போராடி உயிர்விட்ட அப்துல் ஹமீது அந்தப் போரில்தான். 1971ல் வங்காள டெல்டாவுக்கு நீந்திப் போகும் இலகுவான பி.டி. 76ஐ அனுப்பினார்கள்; கரீப்பூரில் அது வேலை செய்தது.

அப்புறம் அதுவும் மறந்து போனது. 1974ல் அனுமதி கொடுத்த அர்ஜுன் கடைசியில் 58 டன்னைத் தாண்டி வந்து நின்றது. எல்லைப் பாலங்கள் தாங்குமா என்று பல வருஷம் சண்டை போட்டார்கள். பாலத்தின் பலம் என்ன 1974ல் தெரியாத ரகசியமா? 2021ல் 118 வாங்க ஆர்டர் போட்ட அடுத்த ரகம் 68 டன். 2020ல் லடாக்கில் சீனர்கள் எதிரே நின்ற பிறகுதான் மலைக்கு 25 டன் வண்டி வேண்டும் என்று ஞாபகம் வந்து, 2024ல் ஜொராவரைக் காட்டினார்கள். மலை 2020ல் முளைக்கவில்லை.

இதெல்லாம் நமக்கெதற்கு என்று கேட்பவர்கள், வடிவாய்க்காலைத் தூர்த்து மனை போட அனுமதி கொடுக்கும் ஃபைலில் பக்கத்து வயல்காரன் எழுதிய ஆட்சேபணைக் கடிதம் எந்தப் பக்கத்தில் இருக்கிறது என்று பார்க்கட்டும். இருந்தால் என்னிடம் சொல்லட்டும்.

பையனின் புத்தகத்தில் சர்ச்சிலை அடித்துவிட்டு, டிரிட்டன், வில்சன், முன்னே ஹோல்ட் என்று எழுதிக் கொடுத்தேன். ''பரீட்சையில மார்க் போடுவாங்களா மாமா?'' என்றான். போடமாட்டார்கள்.

நெடுங்காட்டு வயலுக்கு மறுநாள் பெல்ட் வண்டி வந்தது. முதலில் டயர் வண்டியை இழுத்து வெளியே போட்டது, அப்புறம் அறுத்தது. சாயந்திரம் ஏஜென்ட் பில் கொடுத்தார். டயர் வண்டி புதைந்து கிடந்த மூன்று மணி நேரத்துக்கும் அதில் வாடகை போட்டிருந்தது.